ஊமையம்மாவின் வாய்ச்சொல்

அவளுக்கு மூன்று பெயர்கள். நாடக நோட்டீஸில் ஒன்று, படத்தில் ஒன்று, பெற்றவர்கள் வைத்தது என்று அவளே சொன்னது ஒன்று. மூன்றில் எதையும் நான் நம்பவில்லை. நம்பாத பெயரை எழுதி என்ன ஆகப்போகிறது? மலையில் எல்லோரும் ஊமையம்மா என்றார்கள். அதுவும் பொய்தான். ஆனால் அந்தப் பொய் எப்படிப் பிறந்தது என்று எனக்குத் தெரியும். அதனால் அதை மட்டும் வைத்துக்கொள்கிறேன்.

என்னைப் பற்றியும் கொஞ்சம் சொல்லிவிட வேண்டும். என் வீட்டுக்காரர் காட்டிலாகாவில் கார்டு. யுத்தம் வருவதற்குச் சில வருஷங்கள் முந்தி அவரைக் கொல்லிமலையில் வளப்பூர் நாட்டுக்கு மாற்றினார்கள். சில ஊர்கள் சேர்ந்தால் அந்த மலையில் அது ஒரு நாடு. ரோடு கிடையாது. அடிவாரத்திலிருந்து நடைதான். மலைக்காய்ச்சலுக்குப் பயந்து மற்ற கார்டுகளின் பெண்சாதிகள் கீழேயே தங்கிவிட்டார்கள். நான் மட்டும் ராசிபுரத்திலிருந்து சட்டி பானையோடு ஏறினேன். புருஷனைத் தனியாக விட்டுவைக்கும் அளவுக்கு எனக்கு யார் மேலும் நம்பிக்கை கிடையாது. விறகுக்கட்டு போனால் நடுவில் தேக்கு இருக்கிறதா என்று பிரித்துப் பார்ப்பேன். தேன் வாங்கினால் வெல்லப்பாகா என்று நாக்கில் வைத்துப் பார்ப்பேன். உனக்குச் சந்தேகத்துக்கென்று தனிச் சம்பளமே கொடுக்கலாம் என்று என் வீட்டுக்காரர் சொல்வார். கொடுத்திருந்தால் வாங்கியிருப்பேன்.

அவள் வந்த நாளிலேயே எனக்குப் பிடிக்கவில்லை. ஒரு தகரப் பெட்டி, ஒரு படுக்கை. அதற்குப் பின்னால், கம்பளி சுற்றிய ஆளுயரக் கண்ணாடியை இரண்டு பேர் பிணம் தூக்குவதுபோலத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். நாற்பதை எட்டிப் பார்க்கிற வயது. நல்ல நிறம் என்று சொல்ல முடியாது, ஆனால் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்க முடியாது. அவளைக் கூட்டிக்கொண்டு வந்தவர் சேந்தமங்கலத்து மிளகு ராவுத்தர். வருஷா வருஷம் மலைக்கு வந்து மிளகு எடுப்பவர்.

ஊர்க்கவுண்டர் அவரை நிறுத்தி, "ஏனுங்க ராவுத்தரே, இந்தம்மா ஆருங்க?" என்று கேட்டார்.

"ஊமைப்படத்துல நடிச்சவங்க கவுண்டரே. சேலத்துல நானே பாத்திருக்கேன். தொண்டைக்கு வைத்தியம் பாக்கணும்னு வந்திருக்காங்க. கொல்லிமலைத் தேனுக்குக் குணமாகுமாம்."

கவுண்டர் சினிமா பார்த்தவர் இல்லை. அந்த நாட்டில் யாருமே பார்த்ததில்லை. ஊமை என்ற சொல்லும் தொண்டை என்ற சொல்லும்தான் அவர் காதில் விழுந்தன. "அடப் பாவமே, பொறவியிலயேங்களா?" என்று கேட்டார். அதற்குள் ராவுத்தர் மிளகு மூட்டையில் கையை விட்டுவிட்டார், பதில் சொல்லவில்லை. பொழுது சாய்வதற்குள் வளப்பூர் முழுக்க ஒரு ஊமையம்மா வந்திருக்கிற சேதி பரவிவிட்டது.

அவளும் மறுக்கவில்லை. திருப்புலி நாட்டு வைத்தியர் தேனில் திப்பிலியைக் குழைத்துக் கொடுத்து, ஒரு மண்டலம் வாயைத் திறக்கக்கூடாது என்று சொல்லியிருந்தாராம். இது எனக்குப் பிற்பாடு தெரிந்தது. மண்டலம் முடிந்தபோது அவள் பேசுவாள் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. அவளும் பேசவில்லை. அப்படியே இரண்டு மழைக்காலம் போய்விட்டது.

ஊமை என்றால் செவிடும்தான் என்பது மலைச்சனத்தின் எண்ணம். அவள் இருக்கிறாள் என்ற நினைப்பே இல்லாமல் பேசுவார்கள். சேலம் ஜில்லாவில் மதுவிலக்கு வந்த புதிது. என்னைக் கண்டால் பேச்சை நிறுத்துகிற ஆண்கள், அவள் வீட்டு வேலியில் சாய்ந்துகொண்டு சாராய ஊறல் பானையை எந்தப் பாறைக்கு அடியில் வைத்திருக்கிறார்கள் என்று சாவகாசமாகப் பேசுவார்கள். பெண்கள் மாமியாரைப் பற்றியும், மாமியார்கள் மருமகளைப் பற்றியும், ஒரே நாளில் அவளிடம் வந்து கொட்டிவிட்டுப் போவார்கள். அவள் கேட்டுக்கொண்டிருப்பாள். கேட்கவில்லை என்கிற முகத்தோடு கேட்டுக்கொண்டிருப்பாள். அதுதான் எனக்கு உறுத்தியது.

ஒரு நாள் அவள் கண்ணாடி முன்னால் தலை வாரிக்கொண்டிருந்தபோது பின்னால் போய்ப் பித்தளைக் குடத்தை வேண்டுமென்றே கீழே போட்டேன். முற்றத்துக் கோழிகள் கூரை ஏறின. அவள் தோள்கூட அசையவில்லை. சீப்பு நிற்காமல் மெதுவாக இறங்கியது. ஆனால் கண்ணாடியில் பார்த்தேன், இமை ஒரே ஒரு தரம் அடித்தது. குடத்தை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

வீட்டுக்காரரிடம் சொன்னபோது, "கொசு கடிச்சிருக்கும்" என்றார். "போலீஸ் அனுப்புன ஆளா இருக்கும்" என்றேன். "அப்படின்னா நல்லதுதானே" என்று சொல்லிவிட்டுத் தூங்கப் போய்விட்டார். காட்டிலாகா எப்படி நடக்கிறது என்று எனக்கு அன்றைக்குப் புரிந்தது.

அவள் சிரிப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். இந்த மலையில் ஒரு பாவை உண்டு, சிரித்தே ஆளைக் கொல்லும் என்று பழைய பேச்சு. அதனால் பேசாமல் சிரிக்கிற பெண் என்றால் ஆண்களுக்கு உள்ளூர ஒரு கிலி. அவள் சிரித்தால் கவுண்டர் முதற்கொண்டு எல்லோரும் வானத்தைப் பார்ப்பார்கள், இல்லாவிட்டால் கால் விரலைப் பார்ப்பார்கள். அவளுக்கு அது தெரியும். வேலியில் ஆள் கூட்டம் அதிகமானால் ஒரு சிரிப்புச் சிரிப்பாள், கலைந்துவிடும். இதை நான் பலமுறை பார்த்தேன். மற்றவர்கள் தெய்வ சங்கதி என்றார்கள். நான் கெட்டிக்காரத்தனம் என்றேன்.

அந்தச் சந்தை நாள் வந்தது. ஊரே சந்தைக்குப் போயிருந்தது. வீட்டுக்காரர் காட்டுக்குள் முகாம். நான் சளி பிடித்துப் போகாமல் இருந்தேன். விடிந்து வெகுநேரமாகியும் ஊமையம்மா வீட்டுக் கூரையில் புகை இல்லை. அக்கறையில் போனேன் என்று சொன்னால் பொய். ஆள் ஓடிவிட்டாளா என்று பார்க்கத்தான் போனேன்.

கட்டிலில் கிடந்தாள். மலைக்காய்ச்சல். பல் கிட்டுகிற குளிர். கதவைச் சாத்தி, இருக்கிற கம்பளியை எல்லாம் மேலே போட்டு, அடுப்பு மூட்டி நிலவேம்புக் கஷாயம் வைத்தேன். கண்ணாடியைச் சுற்றி வைத்திருந்த கம்பளியையும் எடுத்துப் போர்த்தினேன். குளிர் விட்டுச் சூடு ஏறியபோது அவள் பேசத் தொடங்கினாள்.

முதலில் வேறு யாரோ உள்ளே இருக்கிறார்கள் என்று நினைத்து அரிவாள்மணையை எடுத்துவிட்டேன். அப்படி ஒரு குரல். தகரத்தைக் கல்மேல் இழுத்ததுபோல. "மன்னவா, என் மைந்தன் எங்கே" என்று ராணிபோல இழுத்தாள். அடுத்த நொடி, "வெயிலு போவுது, சீக்கிரம் அழு, சீக்கிரம்" என்று யாரோ அதட்டுகிற மாதிரி அவளே அவளை அதட்டினாள். கண்ணைத் திறக்காமலே அழுதாள். விளக்கு வைக்கிற நேரம்வரை நான் அந்த வீட்டை விட்டு நகரவில்லை. வெளியில் ஒருமுறை நாய்கள் விடாமல் குரைத்தன. குரங்கு இறங்கியிருக்கும் என்று கதவைத் திறக்காமல் இருந்துவிட்டேன்.

சூடு தணிந்து கண் விழித்தவள் என்னைப் பார்த்தாள். என் கையில் இன்னும் அரிவாள்மணை இருந்தது.

"எப்ப இருந்துங்க பேசறீங்க?" என்று கேட்டேன்.

"பொறந்ததுலேருந்து" என்றாள்.

அதன்பிறகு எங்களுக்குள் ஒரு விதமான சிநேகம் ஏற்பட்டது. சிநேகம் என்பது பெரிய வார்த்தை. அவள் சொல்வாள், நான் நம்பமாட்டேன். அவளுக்கு அது பிடித்திருந்தது என்று நினைக்கிறேன். மதுரைப் பக்கத்துப் பேச்சு. என்னைத் தங்கச்சி என்பாள், நான் அக்கா என்பேன். கதவைச் சாத்திக்கொண்டு, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டுதான் பேசுவாள்.

சின்ன வயசிலேயே நாடகத்தில் சேர்ந்துவிட்டாளாம். மைக்கு இல்லாத காலம். "கடைசி வரிசையில வெத்தலை மெல்லுறான் பாரு, அவன் வாய் நிக்கணும் தங்கச்சி. நின்னாத்தான் பாட்டு." அவள் பாடினால் நின்றதாம். ராஜா வேஷம் கட்டுகிற ராஜபார்ட்காரருக்கு அது பொறுக்கவில்லை. ஒரு திருவிழா நாடகத்தில் ஆர்மோனியக்காரருக்குக் கண்ணைக் காட்டி, சுருதிக் கட்டையை ஏற்றிக்கொண்டே போகச் சொன்னார். இவளும் விடவில்லை, ஏறிக்கொண்டே போனாள். உச்சியில் ஏதோ அறுந்தது. எச்சிலோடு ரத்தம் வந்தது. விடியும்போது வாயில் காற்றுதான் இருந்தது.

"அந்த ராஜபார்ட்டுப் பேரு என்னங்க?" என்று கேட்டேன். சொன்னாள். மறுவாரம் அதே கேள்வியைக் கேட்டேன். அதே பெயரைச் சொன்னாள். "சோதிக்கிறியா?" என்றாள். ஆமாங்க என்றேன்.

குரல் போனவளுக்கு ஊமைப்படம்தான் புகலிடம். குரல் வேண்டாம், வாய் இருந்தால் போதும். வெள்ளைத் துணியைக் கூரையாகக் கட்டி, மேலே வெயில் அடிக்க அடிக்க எடுப்பார்களாம். மேகம் வந்தால் எல்லோரும் உட்கார்ந்து முறுக்குத் தின்பார்கள். மேகம் விலகினால் உடனே அழ வேண்டும். அப்படிப் பழகிப் பழகி, வெயில் முகத்தில் பட்டால்தான் தனக்கு அழுகை வரும் என்றாள். நிழலில் வராது. எனக்குச் சிரிப்பு வந்தது. "காட்டுங்க பார்க்கலாம்" என்றேன். புழக்கடைக் கதவைத் திறந்து வெயிலில் நின்று முகத்தை ஏந்தினாள். பொலபொலவென்று கொட்டியது. அத்தனை நிஜமாக இருந்தது. ஓர் அடி பின்னால் கூரை நிழலுக்கு வந்தாள். நின்றுவிட்டது. முகத்தைத் துடைத்துக்கொண்டு, "எங்க அம்மா செத்தது ராத்திரி. ஒரு சொட்டு வரல" என்றாள்.

அதையும் நான் நம்பவில்லை. ஆனால் அன்றைக்குச் சோறு இறங்கவில்லை.

படத்தில் வாய் அசைய வேண்டுமே, என்ன பேசுவீர்கள் என்று கேட்டேன். எதையாவது பேசுவார்களாம். புருஷன் மடியில் உயிரை விடுகிற காட்சியில் அவள் கண்ணீரோடு சொன்னது, "மதியச் சாப்பாட்டுல உப்பே இல்ல, அந்தச் சமையக்காரனை மாத்துங்க." கொட்டகையில் அந்தக் காட்சிக்கு ஊரே அழுதது. முன்வரிசையில் ஒருவன் மட்டும் விழுந்து விழுந்து சிரித்தான். அடிக்கப் போய்விட்டார்கள். பிறகுதான் தெரிந்தது, அவன் காது கேளாதவன், உதட்டைப் படிக்கத் தெரிந்தவன்.

"அவன் ஒருத்தன்தான் தங்கச்சி, நான் சொன்னதைக் கேட்டவன்" என்றாள். "மத்த ஊருல எல்லாம் திரைக்குப் பக்கத்துல ஒரு ஆளு நின்னு கதை சொல்லுவான். நான் பேசுறது என்னன்னு அவன்தான் சொல்லுவான். ஒரு ஊருல நான் பத்தினி. அடுத்த ஊருல அதே படத்துல, அதே அழுகைக்கு, நான் ஓடிப்போனவ. என் வாய்க்கு யார் யாரோ பேசிட்டாங்க. இங்க நீங்க ஊமைன்னு பேசுனீங்க. அது ஒண்ணுதான் எனக்குச் சவுகரியமா இருந்துச்சு."

பேசும் படம் வந்ததும் அவளையும் கூப்பிட்டுக் குரல் பார்த்தார்கள். ஒரு வரி சொன்னாள். காதில் கருவி மாட்டியிருந்தவன் அதைக் கழற்றி வைத்துவிட்டுச் சிரித்தான். அறையில் எல்லோரும் சிரித்தார்கள். அன்றைக்குக் கதவை விட்டு வெளியே வந்தவள், இந்தக் குரலை இனி மனுஷர் காதில் போடுவதில்லை என்று வைத்துக்கொண்டாள். "என்னாலயே அதைக் கேக்க முடியல. காய்ச்சலு வந்து ஒன்கிட்ட மாட்டிவிட்டுடுச்சு. யார்கிட்டயும் சொல்லிராத தாயி" என்றாள். நான் சரி என்று தலையாட்டவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை.

இப்போது செல்லாயி. ஊமையம்மா வீட்டுக்குக் கீழ்ப்புறம் பலாமரத்து வீட்டுப் பெண். இருபது வயசு இருக்கும். பெரக்கரை நாட்டில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். அடி தாங்காமல் தாய் வீட்டுக்கு வந்துவிட்டாள் என்பது அவள் பேச்சு. சும்மா வந்துவிட்டாள் என்பது புருஷன் பேச்சு. நான் சொன்ன அந்தச் சந்தை நாளில், வீட்டில் யாரும் இல்லாத நேரம் அவன் வந்திருக்கிறான். பொழுது சாயப் பெற்றவர்கள் திரும்பியபோது செல்லாயியின் வலக்கை வீங்கிக் கிடந்தது. இரண்டு விரல் முறிந்திருந்தது. கீழே தள்ளி, செருப்புக் காலால் கையை மிதித்துத் தேய்த்தான் என்றாள் அவள். பழம் பறிக்கையில் பலா கைமேல் விழுந்துவிட்டது என்றான் அவன்.

நான் போய்ப் பார்த்தேன். புறங்கை முழுக்கப் புள்ளி புள்ளியாகக் கன்றியிருந்தது. அவன் செருப்பில் ஆணி உண்டு. பலாவில் முள் உண்டு. எது என்று என் கண்ணால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. பெண் பொய் சொல்கிறாளோ என்றும் எனக்கு ஓடியது. மறைக்க ஒன்றுமில்லை, என் புத்தி அப்படித்தான்.

கைக்கட்டோடு செல்லாயி தினமும் ஊமையம்மாவிடம் போய் உட்கார்ந்துகொள்வாள். செவிட்டு ஊமையிடம் அழுவதில் வெட்கம் ஏது? எதிரெதிரே உட்கார்ந்து, நடந்ததை நடந்தபடி காலாலும் கையாலும் காட்டிக் காட்டிச் சொல்வாள். ஒரு நாள் அவள் போன பிறகு நான் எட்டிப் பார்த்தபோது, ஊமையம்மா கண்ணாடி முன்னால் நின்று காலைத் தூக்கித் தூக்கித் தரையில் ஊன்றித் தேய்த்துக்கொண்டிருந்தாள். பூரானை மிதிக்கிறாள் என்று நினைத்து வந்துவிட்டேன்.

பஞ்சாயத்து உச்சிவெயிலில் கோயில் முன்னால் கூடியது. நாட்டு வழக்கம் இதுதான்: புருஷன் மேல் குற்றம் என்றால் சொந்தத்தில் சேராத ஒருவர் கண்ணால் பார்த்ததைச் சாமி முன்னால் வாயால் சொல்ல வேண்டும். சொன்னால் உறவை அத்துவிடுவார்கள், பெண் தாய் வீட்டிலேயே இருக்கலாம். சாட்சி இல்லாவிட்டால் அவன் பின்னால் போக வேண்டியதுதான்.

கவுண்டர் என்னைத்தான் முதலில் கேட்டார். "கார்டம்மா, வாய் பேசறவங்கள்ல அன்னிக்குச் சந்தைக்குப் போவாதது நீங்க ஒருத்தருதானுங்க. எதாச்சும் பாத்தீங்களா?"

"இல்லீங்க. கதவைச் சாத்திக்கிட்டு உள்ள இருந்தனுங்க" என்றேன். எந்தக் கதவு என்று அவர் கேட்கவில்லை. பார்க்காததைப் பார்த்தேன் என்று சொல்கிற பழக்கம் எனக்கு இல்லை.

"அப்பறம் என்னங்க பண்றது? சாட்சி இல்லாம நாங்க என்ன சொல்றது? புள்ளைய அனுப்போணும்."

செல்லாயி அவள் அப்பனைப் பார்த்து மெதுவாகச் சொன்னாள். "போறனுங்கப்பா. ஆனா அதுக்கப்பறம் என்னை உசுரோட தேடாதீங்க."

அந்தப் பேச்சில் அழுகை இல்லை. அவள் அப்பன் துண்டை வாயில் திணித்துக்கொண்டான்.

அப்போது பெண்கள் பக்கமிருந்து ஊமையம்மா எழுந்தாள். நடுவில் வந்து நின்றாள். முதலில் பலாமரமாக நின்றாள் என்று சொன்னால் சிரிப்பீர்கள். ஆனால் மரம் தெரிந்தது எங்களுக்கு. பிறகு செல்லாயி ஆனாள். பிறகு அவன் ஆனாள். தோள் மாறியது, கழுத்து மாறியது, அவனேதான். கொண்டையைப் பிடித்தான், தள்ளினான், இடது காலைத் தூக்கிக் கையில் ஊன்றித் தேய்த்தான். அடுத்த நொடி கீழே கிடந்து கத்தினாள், சத்தமே வராமல் கத்தினாள். பெண்கள் காதைப் பொத்திக்கொண்டார்கள்.

நான் மட்டும் அவளைப் பார்க்கவில்லை. புருஷன்காரனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். சந்தேகக்காரிக்குக் கூத்தை விடக் கூத்துப் பார்க்கிறவன்தான் முக்கியம். அவள் காலைத் தூக்கியபோது, அவன் தன் வலது காலை மெல்ல இழுத்து வேட்டிக்கு உள்ளே வைத்துக்கொண்டான்.

அவள் தூக்கியது இடது கால். எதிரே உட்கார்ந்து செல்லாயி காட்டிய வலது காலைக் கண்ணாடிபோல வாங்கிக்கொண்டு இடம் வலம் மாற்றிவிட்டாள். பார்த்தவள் அப்படி மாற்றமாட்டாள். செய்தவன்தான் சரியான காலை ஒளித்தான். இரண்டும் அந்த ஒரு நொடியில் எனக்கு விளங்கின.

கவுண்டர் தொண்டையைச் செருமினார். "நல்லா வெளங்குதுங்கம்மா. ஆனா சைகை செல்லாதுங்க. சாமி முன்னால வாய்ச்சொல்லு வேணுமுங்க. நீங்க பாவம், என்ன பண்ணுவீங்க."

அவள் என்னைப் பார்த்தாள். பிறகு கோயில் பக்கம் திரும்பி வாயைத் திறந்தாள்.

"நான் பாத்தேனய்யா. இவன் மிதிச்சான். என் ரெண்டு கண்ணால பாத்தேன்."

ஒரு பிள்ளை களுக்கென்று சிரித்தது. அடுத்து அதன் பக்கத்துப் பிள்ளை. பிறகு பெரியவர்களும், பயத்திலோ என்னவோ, சிரித்தார்கள். அந்தக் குரல் அப்படி. அவள் நிறுத்தவில்லை. சிரிப்புக்கு நடுவிலேயே, தகரம் தகரமாக, எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னாள். உச்சிவெயில் முகத்தில் அடித்தது. கண்ணீர் கொட்டியது. அதைப் பார்த்துப் பெண்கள் அழுதார்கள். நான் அழவில்லை, வெயிலை அண்ணாந்து பார்த்தேன்.

கவுண்டருக்கு வியர்த்தது. "இத்தன நாளா ஊமைன்னு எங்கள ஏமாத்திப்புட்டீங்களேம்மா. இப்பச் சொல்றத எப்படிங்க நம்பறது?"

"நான் ஊமைன்னு ஒரு நாளாச்சும் ஒங்ககிட்டச் சொன்னேனா அய்யா?"

கவுண்டர் யோசித்தார். நிஜமாகவே யோசித்தார். "சொல்லலீங்க" என்றார்.

பின்னாலிருந்து ஒருவன், "அவங்களுக்குக் காதும் கேக்குதுன்னா, நம்ம ஊறப்பானை இருக்குற எடம் பூராத் தெரியுமுங்க. இன்னி வரைக்கும் ஒரு போலீசு ஏறி வரலீங்களே" என்றான். சொன்ன பிறகுதான் என்னைப் பார்த்தான். தலையைக் குனிந்துகொண்டான்.

அது கவுண்டருக்கு எட்டியது. கூட்டத்தைச் சுற்றிப் பார்த்தார். "இவங்க சொன்னதுக்கு மாத்துச் சொல்றவங்க ஆராச்சும் இருக்கீங்களா? இருந்தா இப்பவே எந்திரிக்கோணும். பின்னால பேசக்கூடாது."

மாற்றுச் சொல்ல அந்த மலையில் ஒருத்தி இருந்தாள். சந்தை நாள் முழுக்க இந்த அம்மா கம்பளிக்குள் கிடந்து ராணி வேஷம் கட்டிக்கொண்டிருந்தாள், பலாமரம் இருக்கிற திசைகூட இவளுக்குத் தெரிந்திருக்காது என்று சொல்ல என்னால்தான் முடியும். அவள் வந்த நாள் முதலாக அவளை ஒரு பொய்யில் பிடிக்க வேண்டும் என்று காத்திருந்தேன். சாமி முன்னால், ஊர் முன்னால், அந்தப் பொய் என் மடியில் வந்து விழுந்திருந்தது. ஆயிரம் சந்தேகப்பட்டு ஒன்றுகூட உறுதியாகாத எனக்கு அன்றைக்கு இரண்டு உறுதியாகத் தெரிந்தன. அவள் சொல்வது பொய். நடந்தது உண்மை.

நான் எழுந்திருக்கவில்லை.

"வாய்ச்சொல்லு செல்லுமுங்க" என்றார் கவுண்டர். செல்லாயியை அத்துவிட்டார்கள். அவன் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு பெரக்கரைப் பாதையில் இறங்கினான்.

வீட்டுக்கு வருகிற வழியிலேயே பிள்ளைகள் அந்தக் குரலைப் பேசிக் காட்ட ஆரம்பித்துவிட்டன. மறுநாளிலிருந்து அவளுக்குத் தகரத்தம்மா என்று பெயர். வேலியில் சாய்ந்து யாரும் பேசவில்லை. பெண்கள் வரவில்லை, செல்லாயியைத் தவிர. அடுத்த கோடையில் அவள் கண்ணாடியை என்னிடம் விட்டுவிட்டு மலை இறங்கினாள். எங்கே போனாள் என்று ராவுத்தருக்கும் தெரியவில்லை.

ஆனால் அந்தப் பஞ்சாயத்து நாளின் மாலையைச் சொல்லாமல் முடிக்க முடியாது. பொழுது இறங்கியபின் அவள் வீட்டுக்குப் போனேன். விளக்கு ஏற்றாமல் உட்கார்ந்திருந்தாள். முகம் தெரியவில்லை.

"அக்கா, சந்தையன்னிக்கு நீங்க கம்பளிக்குள்ள கெடந்தீங்க."

"ஆமா."

"பலாமரத்த எப்படிங்க பாத்தீங்க?"

"பாக்கல." முந்தானையை வாயில் வைக்காமல் பேசினாள். "செல்லாயி பாத்தா. அவ கண்ணு செல்லாதுன்னாங்க. என் வாயைக் கேட்டாங்க. எத்தனையோ பேரு என் வாய்க்குப் பேசியிருக்காங்க, நான் ஒருத்திக்குப் பேசுனா என்னன்னு குடுத்துட்டேன்."

நான் அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன்.

"நீ எந்திரிப்பேன்னு நெனச்சேன் தங்கச்சி. கவுண்டர் கேட்டப்ப ஒன்னையத்தான் பாத்துக்கிட்டிருந்தேன். ஏன் வாயத் தொறக்கல?"

"எனக்குத் தொண்டை சரியில்லீங்கக்கா" என்றேன்.

அவள் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். சத்தம் வரவில்லை. தடவிப் பார்த்துத் தீப்பெட்டியை எடுத்து விளக்கை ஏற்றினேன். முகம் முழுக்க நனைந்திருந்தது. கழுத்து வரை வழிந்திருந்தது. துடைக்கவும் இல்லை, திருப்பிக்கொள்ளவும் இல்லை.

வெளியே வெயில் இறங்கி வெகுநேரம் ஆகியிருந்தது.